ஈரானியர்கள் பிரிட்டனை ஏன் நம்புவதில்லை?

"ஈரான் ஒருநாளும் பிரிட்டனின் காலனியாக இருந்ததில்லை. 1953-இல் ஈரானியப் பிரதமர் மொசாதெக்கின் ஆட்சியைக் கவிழ்த்ததிலும் அமெரிக்க உளவுத்துறைதான் முன்னால் நின்றது. பிறகு ஏன் ஈரானியர்கள் எதற்கெடுத்தாலும் பிரிட்டனைச் சந்தேகிக்கிறார்கள்?" என்பது கேள்வி.

காலனியாக இருந்ததில்லை என்பதிலேயே விடையின் ஒரு பகுதி இருக்கிறது. ஆள வந்தவன் ஒருநாள் கொடியை இறக்கிவிட்டுக் கப்பல் ஏறுவான். அந்த நாளை நாட்காட்டியில் குறித்து வைத்துக்கொள்ளலாம். ஈரானுக்கு அப்படியொரு நாள் வாய்க்கவில்லை. அங்கே பிரிட்டன் தூதராக இருந்தது, வங்கியாக இருந்தது, தந்திக் கம்பியாக இருந்தது, எண்ணெய் நிறுவனமாக இருந்தது. ஆளுநராக மட்டும் இருக்கவில்லை. அதிகாரம் இருந்தும் பொறுப்பு கண்ணில் படாத இந்த நிலையிலிருந்துதான் ‘கார், காரே இங்லீஸ்ஹாஸ்த்’, அதாவது ‘இது இங்கிலீஷ்காரன் பார்த்த வேலை’ என்ற பேச்சு பாரசீக மொழியில் பழமொழிபோல ஊறிப்போனது. 1953 இந்தக் கதையின் பிற்பகுதியில் வரும் ஓர் அத்தியாயம். என்னைக் கேட்டால், உண்மையான முறிவு 1906 ஜூலைக்கும் 1907 ஆகஸ்டுக்கும் இடைப்பட்ட பதின்மூன்று மாதங்களில் நிகழ்ந்தது. அது ஏன் அவ்வளவு ஆழமாகப் பதிந்தது என்பதற்கு அதற்கு முந்தைய நூறு ஆண்டுகளையும் பார்த்தாக வேண்டும்.

தொடக்கம் சுமுகமாகவே இருந்தது. 1622-இல் போர்ச்சுகீசியரிடமிருந்து ஹொர்முஸ் தீவைக் கைப்பற்ற ஷா அப்பாஸின் படைக்குக் கிழக்கிந்தியக் கம்பெனியின் கப்பல்கள் துணை நின்றன. பதிலுக்குக் கம்பெனிக்குப் பந்தர் அப்பாஸில் வணிகச் சலுகைகள் கிடைத்தன. 1763-இல் பூஷெஹர் துறைமுகத்தில் கம்பெனியின் அலுவலகம் அமைந்தது. இவையெல்லாம் கொடுக்கல் வாங்கல்கள். பிற்காலக் கசப்பின் வேர் இவற்றில் இல்லை.

வேர் 1800-இல் விழுந்தது. அந்த ஆண்டு கவர்னர் ஜெனரல் வெல்லஸ்லி அனுப்பிய தூதராக ஈரான் சென்றவர் ஜான் மால்கம். பதினான்கு வயது நிரம்புமுன்பே சென்னையில் வந்து இறங்கிக் கம்பெனிப் படையில் சேர்ந்தவர். 1799-இல் ஸ்ரீரங்கப்பட்டண முற்றுகையிலும் இருந்தவர். திப்பு சுல்தான் கடிதத் தொடர்பு வைத்திருந்த ஆப்கானிய மன்னர் ஸமான் ஷா வடக்கிலிருந்து இந்தியாவின்மீது பாயக்கூடும், பிரெஞ்சுக்காரர்களும் அதே வழியாக வரக்கூடும் என்ற அச்சம்தான் மால்கமை ஃபத் அலி ஷாவின் அவைக்கு அனுப்பியது. 1801-இல் கையெழுத்தான உடன்படிக்கையும் இந்த இரண்டு அச்சங்களைப் பற்றியே பேசியது. அன்று முதல் ஏறக்குறைய ஒரு நூற்றாண்டுக் காலம் பிரிட்டிஷ் அதிகாரிகளின் கண்ணில் ஈரான் தனக்கென்று வாழும் ஒரு நாடாகப் படவில்லை. இந்தியா என்ற தோட்டத்தின் வெளிவேலியாகவே பட்டது. வேலி உறுதியாக இருக்க வேண்டும், ஆனால் வேலிக்காக யாரும் உயிரைக் கொடுப்பதில்லை.

ஈரானின் கவலையோ வேறாக இருந்தது. அதை நெருக்கியது ரஷ்யா. 1804-இல் ரஷ்யாவுடன் போர் மூண்டபோது ஷா பிரிட்டனின் உதவியை நாடினார். நெப்போலியனுக்கு எதிராக ரஷ்யாவின் தயவு பிரிட்டனுக்குத் தேவைப்பட்ட காலம் அது. 1801 உடன்படிக்கையில் ரஷ்யாவைப் பற்றி எதுவும் சொல்லப்படவில்லை என்று அது ஒதுங்கிக்கொண்டது. மனம் நொந்த ஷா 1807 மே மாதத்தில் ஃபிங்கன்ஸ்டைன் என்ற இடத்தில் நெப்போலியனுடன் உடன்பாடு செய்தார். இரண்டே மாதங்களில் நெப்போலியனும் ரஷ்யாவும் டில்சிட்டில் கைகோத்தன. மீண்டும் பிரிட்டன் வந்தது. 1809, 1812, 1814 என்று அடுத்தடுத்து உடன்படிக்கைகள் எழுதப்பட்டன. ஐரோப்பிய நாடு எதுவும் ஈரானைத் தாக்கினால் படையோ, ஆண்டுக்கு 2 லட்சம் தோமான் (ஈரானிய நாணயம்) உதவித்தொகையோ தருவதாக 1814 உடன்படிக்கை உறுதியளித்தது. இடையில், 1813-இல், ஜார்ஜியாவும் பாகூ பகுதியும் ரஷ்யாவின் கைக்குப் போன குலிஸ்தான் உடன்படிக்கைக்கு நடுவராக நின்று பேசி முடித்தவர் பிரிட்டிஷ் தூதர் கோர் ஔஸ்லிதான்.

1826-இல் மீண்டும் போர் வெடித்தது. ஈரானின் எல்லை நிலத்தை ரஷ்யப் படை ஏற்கெனவே பிடித்து வைத்திருந்தது. இருந்தாலும் முதலில் பாய்ந்தது ஈரான்தான் என்று சொல்லி பிரிட்டன் உதவியை மறுத்துவிட்டது. மண்குதிரையை நம்பி ஆற்றில் இறங்கிய கதையாயிற்று. 1828-இல் துர்க்மன்சாய் உடன்படிக்கை ஈரானின் எஞ்சிய காக்கேசிய நிலத்தையும் பறித்து, பெரும் போர்த்தண்டத்தையும் தலையில் சுமத்தியது. அந்தத் தண்டத்தைக் கட்ட வழியின்றி ஈரான் தவித்த நேரம் பார்த்துப் பிரிட்டன் 2 லட்சம் தோமானை மொத்தமாகக் கொடுத்து, பாதுகாப்பு உறுதியளித்த பிரிவுகளையே உடன்படிக்கையிலிருந்து விலைக்கு வாங்கி நீக்கிவிட்டது. இந்தச் செய்தியைப் பல வரலாறுகள் ஒரு வரியில் கடந்துவிடுகின்றன. எனக்கோ, பின்னால் வந்த எல்லாவற்றுக்கும் இது முன்மாதிரியாகத் தெரிகிறது: எழுத்து ஈரானைக் கட்டும், பிரிட்டனைக் கட்ட வேண்டிய நேரத்தில் அது அழிக்கப்படும்.

இன்று ஆப்கானிஸ்தானில் இருக்கும் ஹெராத் நகரத்தை ஈரான் மீட்க முயன்ற இரண்டு முறையும் வேலியின் நியாயமே வென்றது. 1838-இல் கார்க் தீவைப் பிடித்து பிரிட்டன் மிரட்டியது. 1856-இல் நேரடிப் போரே நடத்தியது. பம்பாயிலிருந்து வந்த படை பூஷெஹரைக் கைப்பற்றியது. 1857 மார்ச்சில் பாரிஸில் கையெழுத்தான உடன்படிக்கையின்படி ஈரான் ஹெராத்தின் மீதான உரிமையைக் கைவிட்டது.

போரில் நிலத்தை இழந்த நாடு அமைதிக் காலத்தில் வருவாய்களை இழக்கத் தொடங்கியது. இதற்குப் பிரிட்டனை மட்டும் குறைசொல்வது நியாயமாகாது. ஐரோப்பியப் பயணங்களுக்கும் அரண்மனைச் செலவுக்கும் பணம் தேடிய நாசிருத்தீன் ஷா விற்பதற்குத் தயாராகவே இருந்தார். 1872-இல் செய்தி நிறுவனம் நடத்திய ஜூலியஸ் டி ராய்ட்டருக்கு ரயில் பாதை, சுரங்கம், காடு, பாசனம், சுங்கம் என்று ஏறத்தாழ நாடு முழுவதையுமே குத்தகைக்கு எழுதிக் கொடுத்தார். ஒரு நாட்டின் தொழில்வளம் இவ்வளவு முழுமையாக அந்நியரிடம் ஒப்படைக்கப்பட்டதைக் கண்டதில்லை என்ற பொருளில் எழுதியவர் பிற்காலத்தில் இந்தியாவின் வைஸ்ராயான கர்சன். எதிர்ப்பு கிளம்பியதால் அந்தக் குத்தகை மறு ஆண்டே ரத்தானது; அதற்கு ஈடாக 1889-இல் ராய்ட்டருக்குக் கிடைத்ததுதான் பாரசீக இம்பீரியல் வங்கியும், நாட்டின் பணத்தாளை அச்சிடும் தனியுரிமையும்.

1890-இல் மேஜர் டால்பட் என்ற ஆங்கிலேயருக்கு, ஆண்டுக்கு 15,000 பவுண்டும் லாபத்தில் கால் பங்கும் தருவதாகச் சொன்னதற்காக, ஈரானில் விளையும் புகையிலை முழுவதையும் வாங்கவும் விற்கவும் 50 ஆண்டு ஏகபோகம் கொடுக்கப்பட்டது. மக்களை முதலில் திரட்டியது இதுதான். விளைவித்தவனும், சந்தையில் விற்றவனும், மாலையில் கலியான் குழாயை வாயில் வைத்தவனும் ஒருசேரத் தங்கள் கைப்பொருளில் அந்நியன் விரல் படுவதை உணர்ந்தார்கள். 1891 டிசம்பரில், ஈராக்கின் சமாரா நகரில் இருந்த பெரும் மார்க்க அறிஞர் மிர்சா ஹசன் ஷீராசியின் பெயரில் புகையிலையைத் தடைசெய்யும் ஃபத்வா வந்தது. கடைகள் மூடப்பட்டன, குழாய்கள் உடைக்கப்பட்டன. ஷாவின் அந்தப்புரத்திலேயே பெண்கள் கலியானை எடுத்து வைத்துவிட்டார்கள். தன் வீட்டுப் பெண்களைக்கூடப் புகைக்க வைக்க முடியாத மன்னர் 1892 ஜனவரியில் ஒப்பந்தத்தை ரத்து செய்தார். ரத்து செய்த குற்றத்துக்கு இழப்பீடு 5 லட்சம் பவுண்டு. அதற்கான கடனைக் கொடுத்தது இம்பீரியல் வங்கி. வெற்றி பெற்ற மக்களின் தலையில் முதல் அந்நியக் கடன் ஏறியது.

இனி அந்தப் பதின்மூன்று மாதங்கள். 1906 கோடையில் தெஹ்ரானில் நீதிமன்றமும் நாடாளுமன்றமும் கேட்டுப் போராடியவர்களைத் துருப்புகள் சுட்டன. மதத் தலைவர்கள் கும் நகருக்கு வெளியேறினார்கள். ஈரானில் ‘பஸ்த்’ என்று ஒரு பழைய வழக்கம் உண்டு: மசூதியிலோ, புனிதர் அடக்கத்தலத்திலோ, ஷாவின் குதிரை லாயத்திலோ புகுந்துவிட்டவரை யாரும் தொடக் கூடாது. அந்த அடைக்கலத்தைத் தேடி ஜூலை நடுவில் வணிகர்கள் சிலர் பிரிட்டிஷ் தூதரகத்தின் கதவைத் தட்டினார்கள். அவர்களை வெளியேற்ற மாட்டோம் என்று தூதரகம் தெரிவித்தது. சில நாள்களில் நூற்றுக்கணக்கானோர், ஆகஸ்டு தொடக்கத்தில் 12,000-க்கும் மேற்பட்டோர் அந்தத் தோட்டத்தில் இருந்தார்கள்.

அந்தக் காட்சியை மனத்தில் நிறுத்திப் பாருங்கள். மரநிழலில் வரிசை வரிசையாகக் கூடாரங்கள். செருப்பு தைப்போர், ஜவுளிக்காரர், பணம் மாற்றுவோர் என்று ஒவ்வொரு தொழில் சங்கத்துக்கும் தனிக் கூடாரம். பெரிய பெரிய செம்புக் கொப்பரைகளில் சோறு பொங்குகிறது. செலவைப் பெருவணிகர்கள் ஏற்கிறார்கள். மாணவர்கள் கூட்டம் கூட்டமாக உட்கார வைத்து அரசியல் சட்டம் என்றால் என்ன என்று விளக்குகிறார்கள். ஈரானின் முதல் அரசியல் வகுப்பறை ஒரு அந்நியப் பேரரசின் தோட்டத்தில் நடந்தது. ஆகஸ்டு 5-ஆம் நாள் முஸஃபருத்தீன் ஷா நாடாளுமன்றத்துக்கான ஆணையில் கையெழுத்திட்டார். கூடாரத்தைப் பிரித்துக்கொண்டு வீடு திரும்பியவர்களின் மனத்தில், நாடாளுமன்றத்தின் தாயகமான இங்கிலாந்து தங்களுக்குத் துணை நிற்கிறது என்ற நம்பிக்கை இருந்தது. இதற்கு முந்தைய நூறாண்டு அனுபவத்தையும் மீறி எழுந்த நம்பிக்கை அது.

1907 ஆகஸ்டு 31-இல் செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் பிரிட்டனும் ரஷ்யாவும் ஓர் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டன. ஜெர்மனியின் வளர்ச்சியைக் கண்டு கலங்கியிருந்த லண்டன், ஆசியாவில் ரஷ்யாவுடனான பழைய போட்டியைத் தீர்த்துக்கொள்ள விரும்பியது. ஈரானின் சுதந்திரத்தையும் ஒருமைப்பாட்டையும் மதிப்பதாக முன்னுரையில் சொல்லிவிட்டு, அந்த ஒப்பந்தம் நாட்டை மூன்றாகக் கூறுபோட்டது. தெஹ்ரான், தப்ரீஸ், இஸ்ஃபஹான், மஷ்ஹத் அடங்கிய வடக்கு ரஷ்யாவின் செல்வாக்குப் பகுதி. கெர்மான், சீஸ்தான், பந்தர் அப்பாஸ் அடங்கிய தென்கிழக்கு, அதாவது இந்தியாவை ஒட்டிய பகுதி, பிரிட்டனுக்கு. எஞ்சியது நடுநிலைப் பகுதி. ஈரானிடம் யாரும் கேட்கவில்லை. முடிந்த பிறகுதான் தெரிவித்தார்கள். நாடாளுமன்றம் அமர்ந்திருந்த தெஹ்ரானே ரஷ்யாவின் பங்கில் விழுந்திருந்தது. 1908 ஜூனில் ரஷ்ய அதிகாரி லியாக்கோவின் தலைமையில் இருந்த ஷாவின் கொசாக் படைப்பிரிவு அந்த நாடாளுமன்றத்தைப் பீரங்கியால் சுட்டது. 1911-இல் நிதித் துறையைச் சீர்செய்ய வந்த அமெரிக்கர் மோர்கன் ஷஸ்டரை வெளியேற்றும்படி ரஷ்யா இறுதி எச்சரிக்கை விடுத்தபோதும் பிரிட்டன் ரஷ்யாவின் பக்கமே நின்றது. அந்த டிசம்பரில் நாடாளுமன்றமும் மூடப்பட்டது.

ரஷ்யா ஈரானிடமிருந்து பறித்த நிலம் மிகப் பெரிது. அதன் படைகள் செய்த கொடுமையும் அதிகம். அப்படியிருந்தும் சந்தேகத்தின் கூர்முனை பிரிட்டனை நோக்கித் திரும்பியதற்குக் காரணம், ரஷ்யா எதிரியாகவே வந்தது என்பதுதான். தோட்டத்தில் இடம் கொடுத்து, சோறு பொங்க அனுமதித்துவிட்டுப் பிறகு கூறுபோட்டவர்களை மறப்பது கடினம். பிரிட்டனிலேயே இதை உணர்ந்தவர்கள் இருந்தார்கள். கேம்பிரிட்ஜ் பேராசிரியர் எட்வர்ட் பிரவுன் தம் அரசின் கொள்கையைப் பல ஆண்டுகள் விடாமல் கண்டித்தார். ஈரானியர்கள் அவரை இன்றும் நன்றியோடு நினைப்பதும் உண்மை.

ஒப்பந்தம் கையெழுத்தாகி ஓராண்டு முடிவதற்குள், 1908 மே 26 அன்று, நடுநிலைப் பகுதியில் இருந்த மஸ்ஜிதே சுலைமானில் எண்ணெய் பீறிட்டது. வில்லியம் நாக்ஸ் டார்சி 1901-இல் வாங்கியிருந்த 60 ஆண்டு உரிமையின்படி ஈரானுக்கு 20,000 பவுண்டு ரொக்கமும், அதே மதிப்புக்குப் பங்குகளும், நிகர லாபத்தில் 16 சதவீதமும் சேர வேண்டும். போர்க்கப்பல்களை நிலக்கரியிலிருந்து எண்ணெய்க்கு மாற்றிக்கொண்டிருந்த பிரிட்டிஷ் அரசு, சர்ச்சில் கடற்படை அமைச்சராக இருந்த 1914-இல், ஆங்கிலோ-பாரசீக எண்ணெய் நிறுவனத்தின் பெரும்பான்மைப் பங்கை வாங்கியது. இதன் பொருளை நிதானமாக யோசிக்க வேண்டும். எண்ணெயைக் குறைந்த விலைக்கு வாங்குவதும், நிறுவனத்திடம் வரி வாங்குவதும், லாபத்தில் பங்கு வாங்குவதும் ஒரே அரசு. அந்த லாபக் கணக்கைக் காட்டித்தான் ஈரானுக்கு அளந்து கொடுத்தார்கள். 1940-களின் இறுதியில் நிறுவனம் லண்டனுக்குக் கட்டிய வரி, எண்ணெய்க்குச் சொந்தக்கார நாட்டுக்குக் கொடுத்த தொகையைவிட அதிகமாக இருந்தது.

முதல் உலகப் போரில் நடுநிலை அறிவித்திருந்த ஈரானில் ரஷ்ய, துருக்கிய, பிரிட்டிஷ் படைகள் எல்லாமே மேய்ந்தன. பஞ்சமும் நோயும் கூட்டமாக மக்களைக் கொன்றன. போர் முடிந்ததும், வெளியுறவுத் துறையின் பொறுப்பைக் கவனித்துவந்த கர்சன் 1919 ஆகஸ்டில் ஈரானின் படையையும் நிதியையும் பிரிட்டிஷ் ஆலோசகர்களிடம் ஒப்படைக்கும் ஒப்பந்தத்தைக் கொண்டுவந்தார். அதற்காகப் பிரதமருக்கும் இரண்டு அமைச்சர்களுக்கும் ரகசியமாகப் பணம் கைமாறியது. ஒப்பந்தம் நாடாளுமன்றத்தின் ஒப்புதலைப் பெறாமலே செத்தது. லஞ்சத்தின் நாற்றம் மட்டும் நின்றது. 1921 பிப்ரவரியில் கொசாக் படையோடு தெஹ்ரானைப் பிடித்த, பின்னாளில் ரெசா ஷாவான ரெசா கானை முன்னுக்குக் கொண்டுவந்ததில் பிரிட்டிஷ் ஜெனரல் அயர்ன்சைடுக்குப் பங்கு உண்டு. லண்டனின் திட்டமாகவே அது நடந்ததா என்பதில் வரலாற்றாசிரியர்கள் உடன்படுவதில்லை. ஈரானியப் பொதுப்புத்திக்கு அந்த ஐயமே இல்லை.

இந்த உறவு முழுவதையும் ஒரே மனிதரின் வாழ்க்கையில் காண வேண்டுமென்றால் சையத் ஹசன் தகீசாதேயைப் பார்க்கலாம். தப்ரீஸிலிருந்து முதல் நாடாளுமன்றத்துக்கு வந்த இளம் உறுப்பினர்; 1908-இல் பீரங்கி முழங்கியபோது உயிர் தப்பியது பிரிட்டிஷ் தூதரகத்தில் அடைக்கலம் புகுந்துதான். அதே தகீசாதே 1933-இல் நிதியமைச்சராக, ரெசா ஷாவின் ஆணைப்படி, புதிய எண்ணெய் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டார். 1961-இல் முடிய வேண்டிய உரிமையை அது 1993 வரை நீட்டித்துவிட்டது. பதினாறு ஆண்டுகள் கழித்து, 1949-இல், நாடாளுமன்றத்தில் எழுந்து, தான் அதில் வெறும் கருவியாகவே இருந்ததாகவும் மனமொப்பிச் செய்யவில்லை என்றும் சொன்னார். எண்ணெயை நாட்டுடைமையாக்க வேண்டும் என்ற குரலுக்கு அந்த ஒப்புதல் பெரும் வலு சேர்த்தது.

இடையில் ரெசா ஷாவின் கதையும் முடிந்திருந்தது. 1941 ஆகஸ்டு 25 அன்று, ஜெர்மானியர்களை வெளியேற்றவில்லை என்ற காரணம் காட்டி, பிரிட்டனும் சோவியத் ஒன்றியமும் இரு பக்கமும் நுழைந்தன. தெற்கில் இறங்கிய படையில் பெரும்பகுதி இந்தியச் சிப்பாய்கள். செப்டம்பரில் முடி துறந்த ஷாவைப் பிரிட்டிஷ் கப்பலொன்று பம்பாய்வரை கொண்டுவந்தது. கரையில் இறங்க விடாமல், கப்பல் மாற்றி மொரிஷியஸ் தீவுக்கு அனுப்பிவிட்டார்கள். 1944-இல் ஜோகன்னஸ்பர்க்கில் இறந்தார். அவரை வெறுத்த ஈரானியர்கள்கூட, கொண்டுவந்தவர்களே கொண்டுபோனார்கள் என்றுதான் இதைப் படித்தார்கள்.

1951 மார்ச்சில் நாடாளுமன்றம் எண்ணெயை நாட்டுடைமையாக்கியது. ஏப்ரல் இறுதியில் மொசாதெக் பிரதமரானார். அக்டோபர் தொடக்கத்தில் ஆபாதானில் எஞ்சியிருந்த பிரிட்டிஷ் ஊழியர்கள் ஜிம்கானா கிளப்பின் முன் கூடி, படகேறி, ஆற்றில் நின்ற போர்க்கப்பலுக்குப் போனார்கள். ‘ஜிம்கானா’ என்ற பெயரே இந்தியாவிலிருந்து போனது. கப்பலின் பெயரோ ‘மொரிஷியஸ்’. உலகின் மிகப் பெரிய சுத்திகரிப்பு ஆலை பின்னால் நின்றுகொண்டிருந்தது. பிரிட்டன் ஈரானிய எண்ணெயை உலகச் சந்தையில் விற்கவிடாமல் முடக்கியது. சர்வதேச நீதிமன்றத்துக்கும் போனது. 1952 ஜூலை 22 அன்று, தனக்கு இதை விசாரிக்கும் அதிகாரமில்லை என்று நீதிமன்றம் சொன்னது. அவ்வாறு வாக்களித்தவர்களில் ஒருவர் பிரிட்டிஷ் நீதிபதி மெக்நேர். அவருடைய நேர்மையையும் இந்தக் கணக்கில் வரவு வைக்க வேண்டும்.

அக்டோபரில் ஈரான் தூதரக உறவை முறித்துப் பிரிட்டிஷ் அதிகாரிகளை வெளியேற்றியது. இங்கேதான் உங்கள் கேள்வியின் இரண்டாம் பகுதிக்கு விடை இருக்கிறது. ஆட்சியைக் கவிழ்க்கும் எண்ணமும், அதற்கான உள்ளூர் ஆள்பலமும் முதலில் பிரிட்டனுடையவை. தெஹ்ரானில் கால்வைக்க இடமில்லாமல் போனபிறகு, தன் ஆட்களையும் திட்டத்தையும் அமெரிக்கர்களிடம் கைமாற்றியது. கம்யூனிச அச்சத்தை முன்னால் வைத்தபோது ஐசனோவர் அரசு இசைந்தது. 1953 ஆகஸ்டு நடுவில் முதல் முயற்சி தோற்று, 19-ஆம் நாள் மொசாதெக் வீழ்ந்தார். மூன்றாண்டுச் சிறைக்குப் பிறகு 1967-இல் இறக்கும்வரை அஹ்மதாபாத் கிராமத்தில் காவலில் இருந்தார். 1954-இல் அமைந்த எண்ணெய்க் கூட்டமைப்பில் பழைய நிறுவனத்துக்கு 40 சதவீதம், அமெரிக்க நிறுவனங்களுக்கு 40 சதவீதம். ஈரானியர்களின் பார்வையில் அமெரிக்கா அன்றுவரை ஷஸ்டரின் நாடு. 1953-இல் அவர்கள் இழந்தது அமெரிக்காவின் மீதிருந்த நம்பிக்கையை. பிரிட்டனின் மீது இழப்பதற்கு ஏதும் மிச்சமிருக்கவில்லை.

பிறகு நடந்தவற்றில் ஒன்றை மட்டும் சொல்கிறேன். ரெசா ஷாவின் மகன் முகமது ரெசா ஷா 1970-களில் 1,500-க்கும் மேற்பட்ட சீஃப்டன் பீரங்கி வண்டிகளுக்கு முன்பணம் கட்டியிருந்தார். 185 வண்டிகள் வந்த நிலையில் 1979 புரட்சி நடந்தது. மிச்சப் பணம் பிரிட்டனிலேயே தங்கிவிட்டது. வழக்கும் வாதமுமாக நாற்பது ஆண்டுகளுக்கும் மேல் இழுத்து, 2022 மார்ச்சில் 39 கோடியே 38 லட்சம் பவுண்டு திருப்பித் தரப்பட்டது. ஈரான் பல ஆண்டுகளாகப் பிடித்து வைத்திருந்த இரட்டைக் குடியுரிமையாளர்கள் அதே சமயம் விமானம் ஏறினார்கள். அப்பாவிகளைப் பிணையாக வைத்திருந்த கொடுமையை இந்தக் கடன் நியாயப்படுத்தாது. அதேபோல, இன்றைய ஆட்சியாளர்கள் தங்களுக்கு எதிரான ஒவ்வொரு போராட்டத்தையும் ‘இங்கிலீஷ்காரன் வேலை’ என்று ஒதுக்கித் தள்ள இந்த வரலாற்றையே கேடயமாக்குகிறார்கள் என்பதையும் மறைக்கக் கூடாது. 1906-இல் நாடாளுமன்றம் கேட்டவர்களின் வாரிசுகளை அடிப்பதற்கு 1907-இன் துரோகம் சாக்காகிறது.

தூதரக வளாகம் இன்றும் ஃபிர்தௌசி சாலையில் அதே இடத்தில்தான் இருக்கிறது. பக்கத்துத் தெருவுக்கு முன்பு சர்ச்சிலின் பெயர். புரட்சிக்குப் பிறகு, பிரிட்டிஷ் சிறையில் உண்ணாவிரதமிருந்து இறந்த ஐரிஷ் போராளி பாபி சாண்ட்ஸின் பெயரை வைத்தார்கள். 2011 நவம்பர் 29 அன்று, பிரிட்டன் விதித்த வங்கித் தடைகளை எதிர்த்து அரசு ஆதரவுக் கூட்டமொன்று அந்த வளாகத்தின் சுவரேறிக் குதித்து, கொடியை எரித்து, அறைகளைச் சூறையாடியது. ஒருகாலத்தில் செருப்பு தைப்போரும் ஜவுளிக்காரரும் கூடாரம் அடித்துச் சோறு பொங்கிய அதே தோட்டம் அது.